கார் ஃப்யூஸ்: தேடுவது, சோதிப்பது, மாற்றுவது

காரில் மற்றதெல்லாம் ஒழுங்காக ஓடிக்கொண்டிருக்க, ஹாரனோ வைப்பரோ சார்ஜர் செருகும் சாக்கெட்டோ ஏதாவது ஒன்று மட்டும் திடீரென்று செத்துக் கிடந்தால், எலக்ட்ரீஷியனுக்கு போன் போடுவதற்கு முன் ஃப்யூஸைப் பார்த்துவிடலாம். பத்து இருபது ரூபாய்ச் சாமான். மாற்றுவதற்குப் பெரிய கருவி எதுவும் வேண்டாம். ஆனால் அதைத் தப்பாக மாற்றினால் வயரிங் முழுவதும் கருகும். அதனால் எப்படி மாற்றுவது என்பதோடு, ஏன் போனது என்று பார்ப்பதையும் சேர்த்தே இங்கே சொல்கிறேன்.

ஃப்யூஸ் காப்பாற்றுவது வயரை

ஹாரன் ஃப்யூஸ் ஹாரனைக் காப்பாற்றுகிறது என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். அது காப்பாற்றுவது பெட்டியிலிருந்து ஹாரன் வரை ஓடும் வயரை. கம்பெனியில் டிசைன் செய்யும்போது, ஒரு வயர் சூடேறாமல் எவ்வளவு கரண்டைத் தாங்கும் என்று பார்த்து, அதற்குக் கீழே உருகும்படி ஃப்யூஸைத் தேர்ந்தெடுக்கிறார்கள். 10 ஆம்ப் ஃப்யூஸ் உள்ள இடத்தில் 30 ஆம்ப் போட்டால், ஷார்ட் ஆகும்போது ஃப்யூஸ் அசையாமல் நிற்கும், வயர் உருகும். அந்த வயர் தனியாகவும் ஓடவில்லை. டேஷ்போர்டுக்குள் இன்னும் நாற்பது ஐம்பது வயர்களோடு சேர்த்து டேப் சுற்றிய கட்டில் கிடக்கிறது. ஒன்று உருகினால் பக்கத்தில் உள்ளதும் ஒட்டிக்கொள்ளும்.

சிகரெட் பெட்டியின் சில்வர் பேப்பரைச் சுற்றிச் செருகுவது, ஒரு செப்புக் கம்பி இழையைக் கட்டி ஓட்டுவது எல்லாம் நம் ஊர் ரோட்டோரத்தில் இன்றைக்கும் நடக்கிறது. ‘வீடு போய்ச் சேருகிற வரைக்கும்’ என்று சொல்லித்தான் செய்வார்கள். பிறகு அது அங்கேயே இருந்துவிடும். பழைய கார் வாங்குகிறவர்கள் முதல் வேலையாக ஃப்யூஸ் பெட்டியைத் திறந்து இதைப் பார்க்க வேண்டும்.

இன்னொரு விஷயம். எழுதிய ஆம்பைத் தாண்டியவுடன் ஃப்யூஸ் படக்கென்று போய்விடாது. பத்து சதவீதம் கூடுதலாக ஓடினால் மணிக்கணக்கில் தாங்கும். இரண்டு மடங்கு ஓடினால் ஐந்து நொடிக்குள் போகும். நேரடி ஷார்ட் என்றால் கண் இமைப்பதற்குள் போய்விடும். இந்த வித்தியாசம் போன ஃப்யூஸின் முகத்தில் எழுதியிருக்கும். அதைப் பின்னால் பார்ப்போம்.

பெட்டியைத் திறக்கும் முன்

கோளாறு எதுவரை பரவியிருக்கிறது என்று முதலில் பாருங்கள். பாதி வேலை இங்கேயே முடிந்துவிடும்.

நாலு கதவிலும் பவர் விண்டோ வேலை செய்யவில்லையா? ஃப்யூஸாக இருக்கலாம். ஒரு கதவு மட்டும் என்றால் பெரும்பாலும் சுவிட்ச், மோட்டார் அல்லது கதவுக் கீல் பக்கம் அறுந்த வயர். ஒரு பக்க ஹெட்லைட் மட்டும் எரியவில்லை என்றால் பல்பைப் பாருங்கள். பல கார்களில் இடது ஹெட்லைட்டுக்கும் வலது ஹெட்லைட்டுக்கும் தனித்தனி ஃப்யூஸ் உண்டு, இரண்டும் ஒரே நேரத்தில் போவது அபூர்வம். ஆகவே இரண்டும் சேர்ந்து அணைந்தால் ரிலே (சின்ன கரண்டை வைத்துப் பெரிய கரண்டை ஆன் செய்யும் மின் சுவிட்ச்), சுவிட்ச் பக்கம் சந்தேகம் திரும்ப வேண்டும். பிரேக் லைட் மூன்றும் ஒட்டுமொத்தமாக எரியவில்லை என்றால் ஃப்யூஸ், அல்லது பெடலுக்கு மேலே இருக்கும் பிரேக் சுவிட்ச். ஆட்டோமேட்டிக் கார் வைத்திருப்பவர்களுக்கு இதில் ஒரு வேடிக்கை உண்டு. பல கார்களில் பிரேக் லைட் ஃப்யூஸ் போனால் கியர் லீவர் ‘பி’யிலிருந்து நகரவே நகராது. பிரேக் மிதித்திருப்பது காருக்குத் தெரியாது, அதுதான் காரணம். கியர் பாக்ஸ் போய்விட்டது என்று டோ வண்டி ஏற்றிக்கொண்டு போனவர்கள் இருக்கிறார்கள்.

வண்டி ஓடும்போது ஏசி காற்று குளிர்ச்சியாக வருகிறது, சிக்னலில் நின்றால் வெக்கையாகிறது, டெம்பரேச்சர் முள் ஏறுகிறது என்றால் ரேடியேட்டர் ஃபேன் ஃப்யூஸையும் ரிலேயையும் பாருங்கள். ஆனால் வண்டியை ஓட்டிக்கொண்டே அல்ல. ஓரங்கட்டி இன்ஜினை அணைத்துவிட்டு. சாவி திருப்பினால் ஸ்டார்ட்டர் நன்றாகச் சுற்றுகிறது, ஆனால் இன்ஜின் பிடிக்கவில்லை என்றால் ஃப்யூயல் பம்ப் ஃப்யூஸ் ஒரு சந்தேகம். பெட்ரோல் கார்களில் இக்னிஷனை ஆன் செய்தவுடன் பின் சீட்டுப் பக்கம் இரண்டு நொடி மெல்லிய ‘உய்ங்’ கேட்கும். அது கேட்கவில்லை என்றால் சந்தேகம் பலப்படும். ஸ்டார்ட்டரே ‘டக் டக்’ என்று மட்டும் அடித்து நின்றால் ஃப்யூஸைத் தேடாதீர்கள். அது பேட்டரி அல்லது டெர்மினல்.

சம்பந்தமே இல்லாத இரண்டு மூன்று சாமான்கள் ஒன்றாக நின்றால் அவை ஒரே ஃப்யூஸில் இருக்கலாம். உள் லைட், சென்ட்ரல் லாக், ஸ்டீரியோவின் நினைவு இவை சில கார்களில் ஒரே இடத்திலிருந்து வருகின்றன. சர்வீஸ் சென்டரில் கோளாறைப் படிக்கும் ஸ்கேனரைச் செருகினால் உயிர் வரவில்லை என்று சொன்னாலும் காரணம் சில சமயம் சாக்கெட் ஃப்யூஸ்தான். அந்த ஸ்கேனர் போர்ட்டுக்கும் சில கார்களில் அதே ஃப்யூஸிலிருந்துதான் கரண்ட் வருகிறது.

பெட்டி எங்கே இருக்கிறது

பெரும்பாலான கார்களில் இரண்டு பெட்டிகள். ஒன்று உள்ளே, ஒன்று பானெட்டுக்கு அடியில்.

உள்பெட்டி நம் ஊர்க் கார்களில் அநேகமாக டிரைவர் பக்கம், ஸ்டீரிங்குக்குக் கீழே வலது முழங்கால் இடிக்கிற இடத்தில். ஒரு சின்ன பிளாஸ்டிக் மூடி இருக்கும், அல்லது சில்லறை போடும் தட்டை வெளியே இழுத்தால் பின்னால் தெரியும். சில கார்களில் மூடியே கிடையாது. தரையில் மண்டியிட்டு, தலையைப் பெடலுக்குப் பக்கத்தில் கொண்டுபோய் டார்ச் அடித்துத்தான் பார்க்க வேண்டும். ஐரோப்பியக் கார்கள் சிலவற்றில் டேஷ்போர்டின் பக்கவாட்டு முனையில் மூடி இருக்கும், கதவைத் திறந்தால்தான் கண்ணில் படும். வேறு சிலவற்றில் க்ளவ் பாக்ஸுக்குப் பின்னால். பெரிய சொகுசுக் கார்களில் டிக்கியிலும் ஒன்று இருப்பது வழக்கம், ஏனென்றால் பேட்டரியே அங்கேதான் இருக்கும்.

பானெட்டுக்கு அடியில் உள்ளது பேட்டரிக்குப் பக்கத்தில் ஒரு கறுப்புப் பெட்டி. ஓரத்தில் உள்ள கிளிப்பை அழுத்தித் தூக்கினால் திறக்கும். இதில்தான் பெரிய கரண்ட் விவகாரங்கள்: ரேடியேட்டர் ஃபேன், ஏபிஎஸ், ஹெட்லைட், உள்பெட்டிக்கே போகும் மெயின் ஃப்யூஸ். பல கார்களில் பேட்டரியின் பாசிட்டிவ் டெர்மினல் மேலேயே நட்டுப் போட்டு முடுக்கிய ஃப்யூஸ் தொகுப்பு ஒன்றும் உட்கார்ந்திருக்கும். ஜம்பர் கேபிளைத் தலைகீழாக மாட்டினால் முதலில் போவது இவற்றில் ஒன்றுதான். பக்கத்து வண்டியிலிருந்து கரண்ட் எடுத்து ஸ்டார்ட் செய்யப் போய், அதன் பிறகு கார் முழுவதும் இருட்டாகிவிட்டது என்றால் அங்கே பாருங்கள்.

எந்த எண் எதற்கு என்பது மூடியின் உள்பக்கத்தில் அச்சடித்திருக்கும். அதில் எழுதியிருப்பதோ சுருக்கெழுத்து. ‘பி/டபிள்யூ’ என்றால் பவர் விண்டோ. ‘ஸ்டாப்’ என்றால் பிரேக் லைட், அதை வண்டியை நிறுத்துவதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். ‘டெயில்’ பார்க் லைட்டும் நம்பர் பிளேட் லைட்டும். ‘டோம்’ அல்லது ‘ரூம்’ உள் லைட். ‘ஏசிசி’ சாவியை ஒரு கட்டம் திருப்பினால் வருவது, ‘ஐஜி’ இக்னிஷன் ஆனில் வருவது. ‘ஈபிஎஸ்’ பவர் ஸ்டீரிங், ‘எஸ்ஆர்எஸ்’ ஏர்பேக். மூடியில் எண் மட்டும் இருந்தால் காரோடு வந்த கையேட்டைத்தான் எடுக்க வேண்டும். கையேடு தொலைந்திருந்தால் கம்பெனியின் இணையதளத்தில் உங்கள் மாடல், வருடம், எந்த வேரியன்ட் என்று பார்த்து இறக்கிக்கொள்ளுங்கள். ஒரே பெயருள்ள காரின் பெட்ரோல் மாடலுக்கும் டீசல் மாடலுக்கும், டாப் வேரியன்டுக்கும் அடி வேரியன்டுக்கும் பெட்டி மாறும். யூடியூபில் பார்த்த காரின் 14ஆம் எண் உங்கள் காரில் வேறு எதற்காவது இருக்கலாம்.

ஹூண்டாய் கார் வைத்திருப்பவர்களுக்கு ஒரு தகவல். பல மாடல்களில் உள்பெட்டியில் ஃப்யூஸ் சுவிட்ச் என்று ஒரு சின்ன சுவிட்ச் இருக்கும். வண்டியை நீண்ட நாள் நிறுத்தி வைக்கும்போது பேட்டரி இறங்காமல் இருக்க அதை ஆஃப் செய்யலாம். யாராவது தெரியாமல் கை பட்டு ஆஃப் செய்துவிட்டால் கடிகாரம், ஆடியோ, உள் லைட் எல்லாம் நின்றுவிடும். ஃப்யூஸ் ஒன்றுகூடப் போயிருக்காது.

நிறமும் வடிவமும்

இன்று ஓடும் கார்களில் இருப்பது பிளேடு ஃப்யூஸ். இரண்டு தகரக் கால், நடுவில் மெல்லிய கம்பி, மேலே நிறமுள்ள பிளாஸ்டிக். 1970களில் வந்தது இந்த வடிவம். அதற்கு முந்தைய அம்பாசடர் காலத்தில் கண்ணாடிக் குழாய்தான்.

நிறம் உலகம் முழுவதும் ஒன்று. 5 ஆம்ப் வெளிர் பழுப்பு, 7.5 அடர் பழுப்பு, 10 சிவப்பு, 15 நீலம், 20 மஞ்சள், 25 நிறமில்லாத கண்ணாடி போன்றது, 30 பச்சை. இன்னும் சின்னதாக 3 ஆம்ப் ஊதா, 2 ஆம்ப் சாம்பல். மனப்பாடம் செய்ய வேண்டிய அவசியம் இல்லை, தலையிலேயே எண் பொறித்திருக்கும். நிறத்தை நம்பி மட்டும் மாற்றாதீர்கள் என்பதற்குக் காரணம் உண்டு. பெரிய மேக்ஸி பிளேடில் சிவப்பு என்றால் 50 ஆம்ப். பானெட்டுக்குக் கீழே இருக்கும் சதுரப் பெட்டி போன்ற கார்ட்ரிட்ஜ் ஃப்யூஸில் பச்சை 40, இளஞ்சிவப்பு 30. பிளேடில் பச்சை 30 என்று பழகிய கண் அங்கே ஏமாறும்.

அளவிலும் கவனம் வேண்டும். பழைய கார்களில் சாதாரண பிளேடு, கிட்டத்தட்ட 19 மில்லிமீட்டர் அகலம். அதைவிடச் சின்னது மினி, சுமார் 11 மில்லிமீட்டர். மினியிலேயே கால் வெளியே தெரியாத குட்டை வகை ஒன்று இருக்கிறது. புதிய கார்களில் அதைவிட ஒல்லியான மைக்ரோவும் வருகிறது, அதில் மூன்று கால் உள்ளவைகூட உண்டு. கடைக்குப் போகும்போது போன ஃப்யூஸைக் கையில் எடுத்துப்போவதுதான் உத்தமம். ‘பதினஞ்சு ஆம்ப் ஒண்ணு குடுங்கண்ணே’ என்றால் கையில் கிடைப்பதைக் கொடுப்பார், வீட்டுக்கு வந்து செருகினால் ஏறாது.

சோதிப்பது

கண்ணால் பார்ப்பதுதான் முதல் வழி. இக்னிஷனை அணைத்து, சந்தேகப்பட்ட ஃப்யூஸை எடுத்து, வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். நடுக்கம்பி அறுந்திருந்தால் போய்விட்டது. ஆனால் எப்படி அறுந்திருக்கிறது என்று ஒரு நிமிடம் கூடுதலாகப் பாருங்கள். பிளாஸ்டிக்கின் உள்பக்கம் கறுப்பாகத் தெறித்து, கம்பி ஆவியாகிப் போனது போல இருந்தால் நேரடி ஷார்ட். கம்பி நடுவில் மட்டும் சுத்தமாக உருகி ஒரு இடைவெளி விட்டிருந்தால் தாங்க முடியாத பளு. ஏதோ ஒரு மோட்டார் இறுகிக்கொண்டு கூடுதலாக இழுத்திருக்கலாம். கம்பி நன்றாக இருக்க, கால் பக்கத்துப் பிளாஸ்டிக் மட்டும் உருகிக் கோணலாகியிருந்தால் லூஸ் கான்டாக்ட். இந்த மூன்றாவதைத்தான் பலர் கவனிக்காமல் விடுகிறார்கள். ஏசி புளோயர் போல நெடுநேரம் ஓடும் பெரிய பளுவில் இது சாதாரணம். அங்கே புது ஃப்யூஸ் போட்டாலும் சில வாரத்தில் மறுபடி உருகும், ஏனென்றால் பெட்டிக்குள் காலைப் பிடிக்கும் கிளிப் தளர்ந்துபோயிருக்கிறது.

கண்ணை முழுக்க நம்ப முடியாது. மயிரிழை விரிசல் தெரியாது, குட்டை வகையில் கம்பியே சரியாகத் தெரியாது. அதற்கு டெஸ்ட் லேம்ப் (ஒரு முனையில் ஊசி, மறுமுனையில் கிளிப் வைத்த சின்ன பல்பு) அல்லது மல்டிமீட்டர்.

பிளேடு ஃப்யூஸின் தலையில் இரண்டு ஓரத்திலும் ஊசிமுனை அளவு உலோகம் தெரியும். அது சோதிப்பதற்காகவே விட்ட இடம். ஃப்யூஸை எடுக்காமலே பார்க்கலாம். டெஸ்ட் லேம்பின் கிளிப்பை பெயின்ட் இல்லாத பாடி இரும்பில் மாட்டுங்கள், அதாவது எர்த். முதலில் ஊசியைப் பேட்டரி பாசிட்டிவில் வைத்து லேம்ப் எரிகிறதா என்று உறுதி செய்துகொள்ளுங்கள். எர்த் சரியாகப் பிடிக்காமல் எல்லா ஃப்யூஸும் போய்விட்டது என்று முடிவு கட்டுவது ரொம்ப சகஜம். பிறகு இக்னிஷனை ஆன் செய்து, ஃப்யூஸின் இரண்டு முனையையும் தொடுங்கள். இரண்டிலும் எரிந்தால் ஃப்யூஸ் நன்றாக இருக்கிறது. ஒன்றில் எரிந்து மற்றதில் எரியவில்லை என்றால் போய்விட்டது. இரண்டிலும் எரியவில்லை என்றால் அந்த ஃப்யூஸுக்கே கரண்ட் வரவில்லை: சுவிட்ச் போட்டால்தான் வரும் வழியாக இருக்கலாம், அல்லது மேலே உள்ள மெயின் ஃப்யூஸோ ரிலேயோ போயிருக்கலாம். இப்படி முப்பது ஃப்யூஸையும் ஐந்து நிமிடத்தில் தொட்டுப் பார்த்துவிடலாம், எது எதற்கு என்று தெரியாத பழைய காருக்கு இதைவிட நல்ல வழி இல்லை.

ஏர்பேக் என்று எழுதிய ஃப்யூஸில் மட்டும் பல்பு வைத்த டெஸ்ட் லேம்பைக் கொண்டுபோகாதீர்கள். பல்பு கொஞ்சம் கரண்டை இழுக்கும், நுணுக்கமான கம்ப்யூட்டர் சர்க்யூட்டுகளுக்கு அது ஆகாது.

மல்டிமீட்டர் இருந்தால் டிசி 20 வோல்ட்டில் வைத்து, கறுப்பு வயர் எர்த், சிவப்பு வயர் ஃப்யூஸ் முனை. இன்ஜின் ஓடாதபோது 12.5 வோல்ட் பக்கம் இரண்டிலும் காட்ட வேண்டும். பீப் சத்தம் வைத்துச் சோதிப்பதாக இருந்தால் ஃப்யூஸைக் கழற்றி வெளியே வைத்துத்தான் செய்ய வேண்டும். உள்ளே இருக்கும்போது வேறு வழியாகச் சுற்றி வந்து பீப் அடித்து ஏமாற்றும். மீட்டரின் சிவப்பு வயர் 10 ஆம்ப் ஓட்டையில் செருகியிருக்கும் நிலையில் வோல்ட் பார்க்கப் போகவே கூடாது. அப்போது மீட்டர் வெறும் வயர் மாதிரி ஆகிவிடும், தொட்ட இடத்தில் ஷார்ட்.

ஃப்யூஸ் நன்றாக இருக்கிறது, சாமான் ஓடவில்லை என்றால் அடுத்தது ரிலே. கறுப்புச் சதுரக் கட்டி. சுவிட்ச் போடும்போது விரல் வைத்தால் ‘க்ளிக்’ என்று துடிக்கும். அதே எண் பொறித்த இன்னொரு ரிலே பக்கத்தில் இருந்தால், உதாரணமாக ஹாரனுடையது, அதை மாற்றிப் போட்டுப் பார்க்கலாம். எண் ஒன்றாக இருந்தால் மட்டும். க்ளிக் சத்தம் வந்தாலும் உள் கான்டாக்ட் கருகியிருக்கலாம் என்பதால் மாற்றிப் பார்ப்பதே நம்பகமானது.

மாற்றும் முறை

1. இக்னிஷனை அணைத்துச் சாவியை எடுங்கள். பட்டன் ஸ்டார்ட் என்றால் ரிமோட்டைக் காரிலிருந்து தள்ளி வையுங்கள். போன சாமானின் சுவிட்சையும் ஆஃப் செய்யுங்கள். இக்னிஷனும் வைப்பரும் ஆனில் இருக்க ஃப்யூஸைச் செருகினால் அந்த நொடியே தீப்பொறி பறக்கலாம்.

2. பெட்டியைத் திறந்தவுடன் மொபைலில் ஒரு படம். இரண்டு ஃப்யூஸைக் கழற்றிவிட்டு எது எங்கே என்று முழிப்பது எல்லோருக்கும் நடக்கும்.

3. பெட்டிக்குள்ளேயோ மூடியிலேயோ வெள்ளை அல்லது மஞ்சள் நிறத்தில் பிளாஸ்டிக் கிடுக்கி ஒன்று செருகியிருப்பார்கள். அதால் தலையைப் பிடித்து நேராக இழுங்கள். கிடுக்கி தொலைந்திருந்தால் சின்ன நோஸ் பிளையர் போதும், அழுத்தம் கம்மியாக. இடமும் வலமுமாக ஆட்டி எடுத்தால் உள்ளே உள்ள கிளிப் விரிந்துவிடும். மேலே சொன்ன லூஸ் கான்டாக்ட் இப்படித்தான் பிறக்கிறது.

4. அதே ஆம்ப், அதே அளவு புது ஃப்யூஸைச் செருகுங்கள். பக்கத்தில் உள்ளவற்றின் உயரத்துக்குச் சமமாக இறங்கும்வரை கட்டைவிரலால் அழுத்துங்கள். எந்தப் பக்கம் திருப்பிச் செருகினாலும் ஒன்றுதான். மூன்று கால் வகையை மட்டும் பழையது இருந்தபடியே வையுங்கள்.

5. இக்னிஷன் ஆன், பிறகு சாமானின் சுவிட்ச். ஓடினால் சரி. பானெட் பெட்டியின் மூடியை எல்லா கிளிப்பும் சத்தம் கேட்கும்படி மூடுங்கள், மழைத் தண்ணீர் அங்கேதான் உள்ளே போகும்.

நட்டுப் போட்டு முடுக்கிய பெரிய ஃப்யூஸ்களுக்கு இந்த முறை பொருந்தாது. அவற்றைத் தொடுவதற்கு முன் பேட்டரியின் நெகட்டிவ் டெர்மினலைக் கழற்றியே ஆக வேண்டும். ஸ்பேனர் ஒரு பக்கம் ஃப்யூஸையும் மறுபக்கம் பாடியையும் தொட்டால் வெல்டிங் மாதிரி ஆகிவிடும். பேட்டரி கழற்றி மாட்டிய பிறகு கடிகாரமும் பவர் விண்டோவின் ஒரே அழுத்தில் ஏறும் வசதியும் மறந்துபோயிருக்கும், கையேட்டில் சொன்னபடி மறுபடி பழக்க வேண்டும்.

நடுரோட்டில் ஸ்பேர் ஃப்யூஸ் இல்லையா? பெட்டியிலேயே சில இடங்களில் ஸ்பேர் செருகி வைத்திருப்பார்கள், பாருங்கள். இல்லாவிட்டால் அவசரமில்லாத ஒன்றிலிருந்து அதே ஆம்ப் கடன் வாங்கலாம்: ஆடியோ, 12 வோல்ட் சாக்கெட், பின் வைப்பர். ஏபிஎஸ், ஸ்டீரிங், ஏர்பேக், இன்ஜின் என்று எழுதியவற்றில் கை வைக்க வேண்டாம். ஆம்ப் குறைவாகப் போடலாம், போனால் மறுபடி போகும், ஆபத்தில்லை. கூடுதலாக ஒருக்காலும் வேண்டாம்.

மறுபடியும் போனால்

ஒரு முறை போன ஃப்யூஸ் வயதாகிப் போயிருக்கலாம். இரண்டாவது முறையும் போனால் எங்கோ கோளாறு இருக்கிறது. மூன்றாவது ஃப்யூஸைப் போடுவதை விட்டுவிட்டு, அது எப்போது போகிறது என்று பாருங்கள்.

சாவியே போடாமல் செருகிய உடனே போனால் பெட்டிக்கு அடுத்து ஓடும் வயரே பாடியில் உரசுகிறது. சுவிட்ச் போட்டவுடன் போனால் சுவிட்சுக்கு அந்தப் பக்கம், அல்லது சாமானே. பத்து நிமிடம் ஓடிய பிறகு போனால் மோட்டார் இறுகியிருக்கிறது. வேகத்தடையில் ஏறி இறங்கும்போது மட்டும் போனால் எங்கோ ஆடும் வயர். டிக்கியைத் திறந்து மூடும்போது போனால் கீல் பக்கம் உள்ள ரப்பர் குழாயைப் பின்னுக்குத் தள்ளிப் பாருங்கள், மடங்கி மடங்கி உள்ளே வயர் உறை வெடித்திருக்கும்.

அனுபவமுள்ள எலக்ட்ரீஷியன்கள் ஒரு வேலை செய்வார்கள். ஃப்யூஸ் இருந்த இடத்தில் இரண்டு வயரோடு ஒரு 21 வாட் இண்டிகேட்டர் பல்பை மாட்டிவிடுவார்கள். ஷார்ட் இருந்தால் பல்பு முழு வெளிச்சத்தில் எரியும், ஆனால் இரண்டு ஆம்புக்கு மேல் போகாது என்பதால் வயர் சூடேறாது. இப்போது ஒவ்வொரு கனெக்டராகக் கழற்றிக்கொண்டே போக வேண்டும். எதைக் கழற்றும்போது பல்பு அணைகிறதோ, கோளாறு அதற்கு அப்பால். ஃப்யூஸ் ஒரு டஜன் வாங்கிப் போட்டு எரிப்பதை எல்லாம்விட இது மேல்.

அடிக்கடி போவது சாக்கெட் ஃப்யூஸ்தான். மூடியில் 120 வாட் என்று எழுதியிருந்தால் அது 12 வோல்ட்டில் 10 ஆம்ப் கணக்கு. காற்று அடிக்கும் கையடக்கப் பம்பு சில அதற்கு மேல் இழுக்கும், அதுவும் டயர் கடினமாகும்போது. அப்படிப்பட்ட பம்பைப் பேட்டரியில் நேரடியாகக் கிளிப் மாட்டித்தான் ஓட்ட வேண்டும். இன்னொரு காரணம், ஓட்டைக்குள் விழுந்த நாணயம். டார்ச் அடித்துப் பாருங்கள், ஒரு ரூபாய் உள்ளே படுத்திருக்கும். ஃப்யூஸைக் கழற்றிய பிறகு எடுங்கள்.

கூடுதல் வெளிச்சத்துக்காக ஹெட்லைட்டில் பெரிய பல்பு போடுவதும் இதில் சேரும். கம்பெனி ஹெச்4 பல்பு 60 வாட், ஐந்து ஆம்ப் சொச்சம். 100 வாட் போட்டால் எட்டைத் தாண்டும். ஃப்யூஸ் தாங்கினாலும் ஹோல்டரும் வயரும் மெல்ல மெல்லக் கருகும். டேஷ் கேமரா, ஃபாக் லைட் போடுபவர்கள் ஏற்கெனவே உள்ள ஃப்யூஸின் காலில் வயரைச் சுற்றிச் செருகாமல், அதற்கென்று தனி ஃப்யூஸோடு வரும் ‘ஃப்யூஸ் டேப்’ (fuse tap, ஒட்டும் டேப் அல்ல, ஃப்யூஸ் இடத்தில் செருகிக் கூடுதல் வயர் எடுக்கும் இணைப்பு) வாங்கிப் போடுங்கள். வாரண்டியில் உள்ள கார் என்றால் வயரை வெட்டி ஒட்டும் கடைக்காரரை உள்ளேயே விடாதீர்கள்.

தண்ணீரும் எலியும்

2015 டிசம்பரிலும் 2023 டிசம்பரிலும் சென்னை மூழ்கியபோது உள்ளே தண்ணீர் ஏறிய கார்கள் பலவற்றில் பெரிய செலவு வைத்தது, தண்ணீர் வடிந்த பிறகு ‘ஸ்டார்ட் ஆகுதா பாக்கலாம்’ என்று சாவியைப் போட்டதுதான். டிரைவர் பக்கத்து உள்பெட்டி தாழ்வாக இருப்பதால் சீட் உயரத்துக்குத் தண்ணீர் வந்தாலே அது நனைந்திருக்கும். சாவியைத் தொடாமல், பேட்டரி நெகட்டிவைக் கழற்றி, டோ வண்டியில் அனுப்புவதே சரி. வெள்ளம் வராவிட்டாலும், முன் கண்ணாடிக்குக் கீழே வைப்பர் இருக்கும் பள்ளத்தில் வேப்பிலையும் புளிய இலையும் அடைத்தால் மழைத் தண்ணீர் வடிய வழியில்லாமல் உள்ளே சொட்டும். ஃப்யூஸின் காலில் பச்சைப் பாசி மாதிரி படிந்திருந்தால் அந்தத் தண்ணீர் வந்திருக்கிறது என்று அர்த்தம். ஃப்யூஸைக் கழற்றி, கான்டாக்ட் கிளீனர் அடித்து, உலரவிட்டுப் புது ஃப்யூஸ் போடுங்கள். உப்புத்தாளால் பெட்டியின் கிளிப்பைத் தேய்க்க வேண்டாம், மேல்பூச்சு போய்விடும்.

எலி பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. ஒரு வாரம் நிறுத்திவிட்டு எடுத்தவுடன் ஃப்யூஸ் போனால், பானெட்டைத் திறந்து பேட்டரி ஓரத்திலும் ஃபயர்வால் (இன்ஜினுக்கும் நாம் உட்காரும் இடத்துக்கும் நடுவே உள்ள தடுப்பு) பக்கத்திலும் கடித்த துணுக்கும் எலிப் புழுக்கையும் கிடக்கிறதா பாருங்கள். கடித்த வயரை டேப் சுற்றினால் போதாது, ஒட்டு வைத்து உறை போட வேண்டும்.

எலக்ட்ரீஷியனிடம் விட வேண்டியவை

ஏர்பேக் லைட் எரிந்துகொண்டிருந்தால் ஃப்யூஸ் வேலையோடு நிறுத்திக்கொள்ளுங்கள், மஞ்சள் கனெக்டர்களைத் தொடாதீர்கள். எலெக்ட்ரிக் கார், ஹைப்ரிட் கார்களிலும் 12 வோல்ட் பேட்டரியும் இதே பிளேடு ஃப்யூஸும் உண்டு, அவற்றை இதே போல மாற்றலாம். ஆரஞ்சு நிற உறையுள்ள தடித்த கேபிளோ, அது போய்ச் சேரும் பெட்டியோ உங்களுடைய வேலை இல்லை. அதில் நூற்றுக்கணக்கான வோல்ட். ஃப்யூஸ் பெட்டியே உருகியிருந்தாலும், எரிந்த பிளாஸ்டிக் வாடை வந்தாலும் பேட்டரியைக் கழற்றிவிட்டு ஆளைக் கூப்பிடுங்கள். வருகிறவரிடம் எந்த எண் ஃப்யூஸ், எத்தனை ஆம்ப், எந்த நேரத்தில் போனது என்று சொல்லி, போன ஃப்யூஸ்களையும் கையில் கொடுங்கள். தேடும் நேரம் குறையும், கூலியும்.

ஸ்பேர் வாங்கும்போது நூறு ஃப்யூஸ் சேர்ந்த மலிவுப் பெட்டியைத் தவிர்த்து விடுங்கள். எழுதிய ஆம்புக்கு இரண்டு மடங்கு ஓடினாலும் உருகாத சரக்கு அதில் கலந்து வருகிறது. சென்னையில் ஜி.பி. ரோடு, மற்ற ஊர்களில் உங்கள் கார் கம்பெனியின் ஸ்பேர்ஸ் கவுண்டர், எங்கே வாங்கினாலும் பெயர் தெரிந்த தயாரிப்பாக இருக்கட்டும். உங்கள் காரில் உள்ள அளவில் 10, 15, 20, 30 ஒவ்வொன்றிலும் இரண்டு, ஒரு கிடுக்கி, ஒரு சின்ன டார்ச். எல்லாவற்றையும் ஒரு ஜிப் கவரில் போட்டு க்ளவ் பாக்ஸில் வையுங்கள், ஃப்யூஸ் பெட்டி மூடியின் படத்தையும் மொபைலில் எடுத்து வைத்துவிடுங்கள். இரவில் ஹைவேயில் மண்டியிட்டு அந்தச் சுருக்கெழுத்தைப் படிப்பது பெரும்பாடு.